மழையைக் கட்டும் யந்திரம்: நீங்கள் நேரில் கண்டது என்ன?

தாட்டோன்வாசி:
எங்கள் ஊரில் வைகாசி விசாகத்தன்று மழையைக் கட்டுவதற்காக ‘ஸயா’ எனப்படும் பர்மிய மந்திர ஆசான் ஒருவரை அழைத்துவந்து ‘இன்’ எழுதச் செய்தார்கள். இன் என்பது கட்டங்களில் எண்களையோ எழுத்துகளையோ நிரப்பி எழுதும் பர்மிய மந்திர யந்திரம். எனக்கு அப்போது வயது பதினொன்று. அவர் கரும்பலகையில் மாக்கல் குச்சியால் ஒன்பது கட்டங்கள் போட்டு எண்களை நிரப்புவார், முணுமுணுத்தபடியே அவற்றை அழிப்பார், உதிர்ந்த தூளைக் கிண்ணத்தில் சேர்ப்பார், மறுபடியும் எழுதுவார். எந்தப் பக்கம் கூட்டினாலும் 15 வருவதை மனக்கணக்கில் கண்டுபிடித்து நான் பெருமைப்பட்டுக்கொண்டிருந்தேன். கடைசியாக எழுதியதை மட்டும் அழிக்காமல், பலகையைப் பந்தலின் ஈசானிய மூலை மூங்கிலில் கட்டினார்கள். மேகம் கறுத்துக் கிடந்தும், சுவாமி புறப்பாடு முடியும்வரை ஒரு துளிகூட விழவில்லை. காவடிகளை இறக்கும் நேரத்தில் நிமிர்ந்து பார்த்தேன். சுற்றியிருந்த எட்டு எண்களும் அப்படியே இருக்க, நடுக்கட்டத்தின் 5 மட்டும் இல்லை. கன்னத்தில் முதல் துளி விழுந்ததும் அப்போதுதான். துளி விழுந்ததால் நிமிர்ந்தேனா, நிமிர்ந்த பிறகு துளி விழுந்ததா என்பதை இன்றுவரை என்னால் பிரித்துச் சொல்ல முடியவில்லை.

ரங்கூன் தமிழன்:
ஐயா, பங்குனி, சித்திரையில் கீழ்ப் பர்மா காய்ந்து கிடக்கும். அப்போது மழை பெய்யாமலிருக்க யந்திரம் எதற்கு? என் அனுபவம் வேறு. 2008 மே 2ஆம் தேதி இரவு நர்கிஸ் புயல் வந்தபோது எங்கள் வாசல் நிலையில் யந்திரம் எழுதிய செப்புத் தகடு ஒன்று அறைந்திருந்தது. விடியற்காலையில் கூரைத் தகரம் முழுவதும் போய்விட்டது. நிலையும் தகடும் மட்டும் நின்றன. தகடுதான் எங்களைக் காப்பாற்றியது என்று அம்மா சொல்கிறார். அதே கை எழுதிய தகடு எதிர்வீட்டிலும் இருந்தது. அந்த வீட்டில் நிலையும் மிஞ்சவில்லை. டெல்டாவில் இறந்தோரும் காணாமற்போனோரும் 1,30,000 பேருக்கு மேல். அவர்களுள் எத்தனை பேர் வீட்டில் தகடு இருந்திருக்கும் என்ற கேள்வியை அம்மாவிடம் நான் இன்னும் கேட்கவில்லை.

மோல்மேன் அன்பர்:
நீங்கள் இருவரும் வடிவத்தைக் கவனிக்கவில்லை. எண் கட்டம் பொதுவானது. வானிலைக்குரியது ஐம்பூதங்களின் வடிவம். சைவ சித்தாந்தத்தில் மண்ணுக்கு நாற்கோணம், நீருக்குப் பாதி மதி, தீக்கு முக்கோணம், காற்றுக்கு அறுகோணம், வானுக்கு வட்டம். எழுத்துகள் முறையே ல, வ, ர, ய, அ. நிறங்கள் பொன், வெண்மை, செம்மை, கருமை, புகை. ஆகவே புயலுக்கு எழுதுபவர் அறுகோணத்தில் யகரத்தை எழுதவேண்டுமேயன்றி, பலர் செய்வதுபோல் பிறையையும் அதே தகட்டில் சேர்த்துவிடக் கூடாது. சேர்த்தால் காற்றைக் கட்டிக்கொண்டே நீரை அழைத்ததாகிவிடும். தகட்டை ஆணியால் அறைவதும் தவறு, ஏனெனில் துளை விழுந்தால் கோடு அறுபடும். செப்புக் கம்பியால் கட்டுங்கள். எழுதும் நாளில் விரதம் இருப்பது நல்லது. எழுதிய பிறகு கூரை முளைகளையும் ஒருமுறை சரிபாருங்கள், அதில் குற்றமில்லை. என் அனுபவம் சிறியது: எங்கள் தெருக்காரர் ஒருவர் மழை வேண்டிப் பிறை எழுதினார். ஆண்டுக்கு 4,000 மில்லிமீட்டருக்கு மேல் பெய்யும் மோல்மேனில் மழை கேட்டவரை நான் அவரைத் தவிர வேறு எங்கும் கண்டதில்லை.

பெகு ஆசிரியை:
மோல்மேன் ஐயா, அந்தப் பட்டியல் உடலிலும் உலகிலும் உள்ள ஐம்பூதங்களை ஆன்மா அறிந்துகொள்வதற்காகச் சொல்லப்பட்டது; மழையை நிறுத்தும் செய்முறையாகச் சொல்லப்பட்டதன்று. தத்துவத்தைத் தகட்டில் அடித்து விற்பது பிறகு வந்த வழக்கம் என்பதே என் கருத்து. பர்மியர்கள் விழாக் காலத்தில் மழையும் புயலும் வராதிருக்க ஷின் உபகோ என்ற பௌத்த முனிவரை வேண்டுவார்கள். கையைப் பிச்சைப் பாத்திரத்தில் வைத்தபடியே முகத்தைத் திருப்பி வானத்தைப் பார்க்கும் அந்தச் சிலையை அனைவரும் அறிவீர்கள். எங்கள் பாட்டி அதன் முன்னால் அரிசி மாவில் கோலம் போட்டார், அதுவும் நடுப்புள்ளியை மட்டும் விட்டுவிட்டு. ஏன் என்று கேட்டதற்கு, “அவர் வந்து உட்கார இடம் வேண்டாமா?” என்றார். தாட்டோன் ஐயாவின் நடுக்கட்டத்தைப் படித்ததும் அந்தக் கோலம்தான் கண்முன் நின்றது.

தாட்டோன்வாசி:
ரங்கூன் தம்பி, நான் எழுதியது வைகாசி விசாகம். பங்குனி உத்திரம் அல்ல. பருவமழை தொடங்கும் வேளை அது. மோல்மேன் ஐயா, எங்கள் பலகையில் ஆணி அடிக்கவில்லை, சணல் கயிற்றால்தான் கட்டினார்கள். ஆசிரியை அம்மா, உங்கள் பாட்டி சொன்னதைப் படித்தபின் ஒன்று நினைவுக்கு வருகிறது. ஸயா ஒவ்வொரு முறையும் எட்டு எண்களையும் எழுதி முடித்த பிறகே 5-ஐ எழுதினார்; அதற்கு முன் குச்சியை எச்சிலில் தொட்டுக்கொண்டார். கடைசி முறை தொட்டாரா என்பதை நான் பார்க்கவில்லை.