விளக்கம் கோராமல் நீக்கப்பட்ட வழங்குநர் பதிவு: வன்னியிலிருந்து சில அனுபவங்கள்

கிளிநொச்சி, கடை உரிமையாளர்:

காகிதாதிகள் விற்கும் எமது கடை, மாவட்டத்திலுள்ள பொது நிறுவனமொன்றின் வழங்குநர் பட்டியலில் ஆண்டுதோறும் கட்டணம் செலுத்திப் பதியப்பட்டு வந்தது. ஆண்டின் நடுவில் விலைமனுக் கோரும் கடிதங்கள் வருவது நின்றுபோனது. பக்கத்துக் கடைக்கு வந்த கடிதத்தைக் கண்ட பிறகே போய் விசாரித்தேன். ‘திருப்தியற்ற வழங்கல்’ காரணமாக எமது பெயர் நீக்கப்பட்டுவிட்டது என்று கணக்குக் கிளையில் வாய்மொழியாகச் சொன்னார்கள். அதற்கு முன் விளக்கம் கோரவுமில்லை, நீக்கிய பின் அறிவிக்கவுமில்லை.

சொன்ன அலுவலர் நல்ல மனிதர். கதிரை தந்து இருத்தி, “இதைப் பெரிசாக்காதேங்கோ ஐயா, கார்த்திகையில் விளம்பரம் போடுவம், திரும்பப் பதியுங்கோ” என்றார். நிலுவைக் காசோலைக்கும் அவரிடமே போக வேண்டியிருக்கையில் இத்தகைய அறிவுரையை மறுப்பது எளிதல்ல. ஆனால் புதிய விண்ணப்பப் படிவத்தில், முன்னர் எங்கேனும் பதிவு நீக்கப்பட்டதா என்றொரு கேள்வி உண்டு. ஆம் என்றால் காரணம் எழுத வேண்டும், எனக்கோ காரணம் தெரியாது. இல்லை என்றால் அது பொய்.

எனவே 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ், முறைப்பாட்டின் பிரதியையும் கொள்வனவுக் குழுவின் கூட்டக் குறிப்பையும் கேட்டு விண்ணப்பித்தேன். தீர்மானத்தால் பாதிக்கப்பட்டவருக்குக் காரணம் கூறும் கடமையை அச்சட்டத்தின் 35ஆம் பிரிவு விதிக்கிறது என்பதையும் அதில் குறிப்பிட்டேன். வந்தது அரைப்பக்கக் குறிப்பு: 80 கிராம் போட்டோகொப்பித் தாளுக்குப் பதிலாக 70 கிராம் தாள் வழங்கப்பட்டதாம். எமது விநியோகச் சீட்டின் பிரதியிலோ, களஞ்சியப் பொறுப்பாளர் நீல மையில் “80 கிராம், பெட்டிகள் சரி” என்றெழுதி, ஒப்பமிட்டு, முத்திரையும் குத்தியிருந்தார். முறைப்பாட்டிலிருந்த கட்டளை இலக்கம் எமதே அல்ல, வேறொரு வழங்குநருடையது. இரண்டையும் இணைத்து நிறுவனத் தலைவருக்குப் பதிவுத் தபாலில் அனுப்பியதும் பெயரை மீளச் சேர்த்தார்கள். இடையில் போன கட்டளைகளுக்கு யாரும் பொறுப்பில்லை. குற்றச்சாட்டை முதலில் எமக்கு அனுப்பிக் கேட்டிருந்தால் இவ்வளவும் ஒரு முத்திரைச் செலவில் முடிந்திருக்கும்.

ஒட்டுசுட்டான், மாதர் சங்க உறுப்பினர்:

எங்களுக்கு அறிவித்தல் வந்தது, ஆனால் தனிச் சிங்களத்தில். கொழும்பில் தலைமையகம் உள்ள நிறுவனமொன்றின் ஊழியர் விடுதிக்கு நாங்கள் சமைத்துக் கொடுத்தோம். ஏழு நாட்களுக்குள் பதில் தரும்படி கேட்ட அந்தக் கடிதம் தவணை கடந்த பிறகே கைக்குக் கிடைத்தது. அதில் சுட்டப்பட்ட சுகாதாரப் பரிசோதகரின் அறிக்கை இணைக்கப்பட்டிருக்கவில்லை. அரசகரும மொழிகள் ஆணைக்குழுவுக்கு முறையிட்டதன் பின் தமிழ்ப் பிரதியும் அறிக்கையும் புதிய தவணையும் கிடைத்தன. நாங்கள் பதில் எழுதியும் முடிவு மாறவில்லை. ஆனாலும் எதற்காக நீக்கினார்கள் என்பதை வாசித்து விளங்கி, எங்கள் பக்கத்தையும் சொன்ன பிறகு வந்த முடிவு என்பதால் அதை ஏற்றுக்கொண்டோம்.

வவுனியா, ஓய்வுபெற்ற கணக்காளர்:

அலுவலகத்தின் பக்கத்தையும் சொல்ல வேண்டும். குறைந்த விலை போட்டுக் கட்டளையைப் பெற்றுவிட்டுப் பொருளே தராதவர்களை நான் நிறையக் கண்டிருக்கிறேன். அவர்களை நீக்கும் அதிகாரம் இல்லாமல் கொள்வனவு நடக்காது. ஆனால் விளக்கம் கோருவது வழக்காடுவதைப் போன்ற பெரிய காரியமல்ல. ஒரு கடிதமும் நியாயமான அவகாசமும் வந்த பதிலை வாசித்ததற்கான குறிப்பும் கோவையில் இருந்தால் போதும். கணக்காய்வு வரும்போது அந்தக் குறிப்புத்தான் அலுவலரையும் காப்பாற்றும்.

நீக்குமுன் விளக்கம் கோர வேண்டுமா என்ற இந்தக் கேள்வி, நமது நாட்டிலிருந்தே, அன்று நமக்கு இறுதி மேன்முறையீட்டு மன்றமாக இலண்டனில் இருந்த கோமறைக் கழகம் வரை போனது. கூப்பன் முறைகேடு செய்தாரென்று புடவை வியாபாரி நக்குடா அலியின் அனுமதிப்பத்திரத்தைப் புடவைக் கட்டுப்பாட்டாளர் இரத்துச் செய்த வழக்கில், அது வெறும் சலுகையைத் திரும்பப் பெறுவதே, நீதிமுறைப்படி செயற்படும் கடமை அவருக்கில்லை என்று 1950இல் தீர்த்தார்கள். அந்தப் பார்வையை 1963இல், அன்று பிரித்தானியாவின் அதியுயர் மேன்முறையீட்டு மன்றமாக இருந்த பிரபுக்கள் சபை ரிட்ஜ் எதிர் போல்ட்வின் வழக்கில் கடுமையாக விமர்சித்தது. 1966இல் யாழ்ப்பாண மாநகர சபை கலைக்கப்பட்டபோது, முதலில் சபையின் விளக்கத்தைக் கேட்டிருக்க வேண்டும் என்று அதே கோமறைக் கழகம் ஒப்புக்கொண்டது. ஆயினும் முறையிட வேண்டியது சபையே என்று கூறி, மேயர் துரையப்பாவின் மேன்முறையீட்டைத் தள்ளுபடி செய்தது. யார் பெயரில் பதிவு இருக்கிறதோ அவர் பெயரிலேயே முறையிடுங்கள் என்று நான் சொல்வது இதனால்தான்; மகன் எழுதிய கடிதத்தை அலுவலகம் ஓரமாக வைத்துவிடும்.

கிளிநொச்சி ஐயா தகவல் விண்ணப்பத்துடன் காரியம் முடித்தது நல்லது. ஆனால் தகவல் அலுவலருக்குத் தீர்மானிக்கவே 14 வேலை நாட்கள் உண்டு. அடிப்படை உரிமை மீறப்பட்டதென்று அரசியலமைப்பின் 126ஆம் உறுப்புரையின் கீழ் உயர் நீதிமன்றம் செல்வதற்கோ ஒரு மாதமே உண்டு. அந்த மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவுக்கு முறையிட்டால், அங்கே விசாரணை நிலுவையிலுள்ள காலம் கணக்கில் சேராது. அதன் பிராந்திய அலுவலகம் வவுனியாவிலேயே இருக்கிறது. நிர்வாகத் தீர்மானத்தை இரத்துச் செய்யும் எழுத்தாணை (ரிட்) கோரி மேன்முறையீட்டு நீதிமன்றம் செல்வது இன்னொரு வழி. அதற்கும் தாமதம் ஆகாது என்பதால், நீக்கத்தை அறிந்த திகதியை அன்றே எழுதி, கடித உறையையும் தபால் முத்திரை தெரியும்படி எடுத்து வையுங்கள்.