பிரிட்டனின் டிரைடென்ட்: நான்கு நீர்மூழ்கிகள் எதற்கு, மூன்று போதாதா?

குறுக்குக்கேள்வி:

ரொம்ப நாளாகக் கேட்க நினைத்த சந்தேகம். 2024 ஜனவரியில் பிரிட்டனின் வான்கார்டு நீர்மூழ்கியிலிருந்து அணுகுண்டு சுமக்கும் ரகமான டிரைடென்ட் ஏவுகணை ஒன்றை, குண்டு இல்லாமல், சோதித்துப் பார்த்தார்கள். பாதுகாப்பு அமைச்சரே கப்பலில் இருந்தார். ஏவுகணை மேலே எழும்பிய கையோடு பக்கத்திலேயே கடலில் தொப்பென்று விழுந்துவிட்டது. ஒரு தடவை என்றால் விட்டுவிடலாம், 2016-இல் புளோரிடா கரைக்கு அப்பால் நடந்த சோதனையும் கோளாறுதான். ஆக அவர்களுடைய கடைசி இரண்டு சோதனையும் பெயில்.

இதே நாடுதான் பழைய நான்கு நீர்மூழ்கிகளுக்குப் பதிலாகப் புதிதாக நான்கு கட்ட 3,100 கோடி பவுண்டு போட்டு, போதாமல் போனால் எடுத்துக்கொள்ள இன்னொரு 1,000 கோடியும் ஒதுக்கி வைத்திருக்கிறது. அணுகுண்டு வேண்டுமா வேண்டாமா என்ற சண்டைக்கு நான் வரவில்லை, அது என் பேரன் காலத்திலும் முடியாது. வேண்டும் என்றே வைத்துக்கொள்வோம். ஒரு கப்பலில் இருப்பதே ஒரு பெரிய நாட்டை நாசமாக்கப் போதும் என்கிறார்களே, பிறகு நான்கு எதற்கு? ஒன்று ஓட, ஒன்று ஸ்பேராக நிற்க, இரண்டு போதாதா? சரி, தாராளமாக மூன்று என்றுகூட வைத்துக்கொள்ளலாம். விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள். தேசபக்தி வசனங்கள் வேண்டாம்.

உலர்துறை:

தம்பி, நான் கடற்படைக்காரன் இல்லை. சரக்குக் கப்பல் எஞ்சின் அறையில் காலம் தள்ளியவன். ஆனால் உங்கள் கேள்விக்கு விடை எஞ்சின் அறையில்தான் இருக்கிறது என்பதால் எழுதுகிறேன்.

பிரிட்டன் 1969 ஏப்ரலிலிருந்து ஒரு வழக்கம் வைத்திருக்கிறது. எந்த நாளிலும், எந்த மணியிலும், அணு ஆயுதம் ஏற்றிய ஒரு நீர்மூழ்கியாவது கடலுக்கடியில் யார் கண்ணிலும் படாமல் இருந்தாக வேண்டும். ஐம்பது வருடத்துக்கு மேலாக ஒரு நாள்கூட விட்டதில்லை என்பதில் அவர்களுக்குப் பெரிய பெருமை. கரையில் நிற்கும் கப்பலை எதிரி ஒரே அடியில் முடித்துவிடலாம், எங்கே இருக்கிறது என்றே தெரியாத கப்பலை முடிக்க முடியாது, திருப்பி அடி விழும் என்ற பயத்தில் முதல் அடி விழாது. இதுதான் கணக்கு.

இப்போது எண்ணிப் பாருங்கள். ஒன்று ரோந்தில். ஒன்று ரோந்து முடித்து வந்து சில்லறை வேலைகளில். ஒன்று அடுத்த ரோந்துக்கு ஆட்களைப் பழக்கிக்கொண்டு. நான்காவது உலர்துறையில், அதாவது தண்ணீரை வடித்துவிட்டுக் கப்பலைப் பழுதுபார்க்கும் தொட்டியில், முழுசாகப் பிரித்துப் போட்டபடி. உலர்துறைக்குள் போன கப்பல் சொன்ன தேதிக்கு வெளியே வந்ததாக நான் ஒரு தடவைகூடப் பார்த்ததில்லை. திறந்த பிறகுதான் உள்ளே என்னென்ன அரித்திருக்கிறது என்று தெரியும். வான்கார்டையே எடுத்துக்கொள்ளுங்கள். 2015 கடைசியில் இங்கிலாந்தின் தென்மேற்கில் இருக்கும் டெவன்போர்ட் கடற்படைத் தளத்தில் மராமத்துக்கு விட்டார்கள், மூன்று வருடத்தில் முடியும் என்றார்கள், அணு உலைக்கு எரிபொருளையும் மாற்ற வேண்டியிருந்தது, வெளியே வந்தது 2023-இல். ஏழு வருடத்துக்கு மேல் ஒரு கப்பல் கணக்கிலேயே இல்லை. நான்கில் ஒன்று போனபோதே மீதி மூன்றும் நாக்குத் தள்ளின. மொத்தமே மூன்றுதான் என்றால் அந்த ஏழு வருடமும் இரண்டை வைத்து ஓட்டியிருக்க வேண்டும். அப்போது அந்த 1969 கணக்கு என்றைக்கோ அறுந்திருக்கும்.

மூன்று போதுமா என்று அவர்களே யோசிக்காமல் இல்லை. கூட்டணி ஆட்சியில் இருந்த லிபரல் டெமாக்ரட் கட்சி வற்புறுத்தி 2013-இல் ஒரு ஆய்வே வெளியானது. விமானம் மாதிரி தாழப் பறக்கும் குரூஸ் ஏவுகணைக்கு மாறலாமா என்றும் பார்த்தார்கள். அதற்கு ஏற்ற அணுகுண்டைப் புதிதாக உருவாக்கவே இருபது வருடத்துக்கு மேல் ஆகும் என்று தெரிந்ததும் அந்த யோசனை படுத்துவிட்டது.

கிளைடுக்கரை:

உலர்துறை அண்ணன் சொன்னதில் தொழில்நுட்பம் எல்லாம் சரி. ஆனால் "ஒரு நாள்கூட விடக்கூடாது" என்பதைக் கடவுள் கட்டளை மாதிரி எடுத்துக்கொண்டால் நான்கு என்ற விடை தானாக வந்து நிற்கும். கேள்வி கேட்க வேண்டியது அந்தக் கட்டளையைத்தான்.

நான் கிளாஸ்கோவில் இருக்கிறேன். இந்தக் கப்பல்கள் நிற்கும் ஃபாஸ்லேன் இங்கிருந்து சுமார் 40 கிலோமீட்டர். ஏவுகணையில் குண்டு பொருத்தும் கூல்போர்ட் அதற்குப் பக்கத்து மலை தாண்டி. குண்டுகளைத் தயாரிப்பது தெற்கே இங்கிலாந்தில், ஆல்டர்மாஸ்டனிலும் பர்க்ஃபீல்டிலும். அங்கிருந்து கூல்போர்ட்டுக்கு லாரியில், நாம் போகும் அதே சாலையில், முன்னும் பின்னும் காவல் வண்டிகளோடு வரும். ஃபாஸ்லேன் வாசலுக்கு எதிரே 1982-இலிருந்து போராட்டக்காரர்களின் முகாம் ஒன்று இருக்கிறது. தகரமும் பழைய கேரவன்களுமாகப் பார்க்க வினோதமாக இருக்கும், பெரும்பாலும் மழைதான், ஆனாலும் ஆள் இருப்பார்கள்.

2016 ஜூலை 18-இல் புதுக் கப்பல்களுக்கு நாடாளுமன்றம் ஓட்டுப் போட்டது. ஆதரவு 472, எதிர்ப்பு 117. ஸ்காட்லாந்தின் 59 உறுப்பினர்களில் 58 பேர் எதிர்த்தார்கள். யார் வீட்டுக் கொல்லையில் வைக்கிறார்களோ அவர்கள் வேண்டாம் என்கிறார்கள், தூரத்தில் இருப்பவர்கள் வேண்டும் என்கிறார்கள். இதில் இன்னொரு கூத்து, நீங்கள் சொன்ன அந்த 2016 சோதனை பெயிலானது ஜூனில். அதாவது ஓட்டெடுப்புக்குச் சில வாரம் முன்னால். ஓட்டுப் போட்டவர்களுக்கு ஒரு வார்த்தை சொல்லவில்லை. 2017 ஜனவரியில் பத்திரிகையில் வந்த பிறகுதான் ஊருக்கே தெரிந்தது. டிவி பேட்டியில் பிரதமர் தெரசா மேயிடம், உங்களுக்கு முன்பே தெரியுமா என்று திரும்பத் திரும்பக் கேட்டார்கள். நேரடியாகப் பதிலே வரவில்லை.

இந்த ஊரில் எல்லோரும் எதிர்ப்பு என்றும் சொல்ல மாட்டேன், அது பொய்யாகிவிடும். தளத்தை நம்பி ஆயிரக்கணக்கான குடும்பங்கள் பிழைக்கின்றன. அந்தக் குடும்பத்து ஆள் ஒருவரோடு நான் வேலை செய்திருக்கிறேன், இந்தப் பேச்சை மட்டும் எடுக்கவே மாட்டோம்.

பாதிவிலை:

ஏவுகணையே அமெரிக்காவுடையதுதானே? அமெரிக்கக் கடற்படைக்கும் இவர்களுக்கும் பொதுவான கிடங்கிலிருந்துதான் எடுத்து வருகிறார்களாம், ஜார்ஜியாவில் கிங்ஸ் பே என்ற இடத்திலிருந்து. வாடகை சைக்கிளில் ஊர்வலம் போவதற்கு இவ்வளவு செலவா 😄

உலர்துறை:

சிரிக்காதீர்கள், பாதி உண்மை. ஏவுகணை அமெரிக்கத் தயாரிப்பு, பெரிய பராமரிப்பும் அங்கேதான். கப்பலும் குண்டும் பிரிட்டனில் செய்தவை. சுடுவதற்கு வாஷிங்டனிடம் அனுமதி கேட்க வேண்டியதில்லை, பிரதமர் உத்தரவு போதும். ஆனால் நாளைக்கே அமெரிக்கா கையை விரித்தால் ஏவுகணைகள் உடனே செத்துவிடாது, கொஞ்சம் கொஞ்சமாகக் காலாவதியாகும். இந்தக் கதை 1962-இலேயே ஆரம்பித்தது. விமானத்திலிருந்து ஏவும் ஸ்கைபோல்ட் என்ற ஏவுகணையைத் தருவதாகச் சொல்லியிருந்த அமெரிக்கா திட்டத்தையே ரத்து செய்துவிட, பிரதமர் மேக்மில்லன் பஹாமாஸ் தீவில் நசாவு நகருக்குப் போய்க் அமெரிக்க அதிபர் கென்னடியிடம் பேசி, நீர்மூழ்கியிலிருந்து ஏவும் போலாரிஸ் ஏவுகணையை வாங்கி வந்தார். அதற்குப் பிறகு வந்ததுதான் டிரைடென்ட். புதுக் கப்பலில் ஏவுகணை நிற்கும் பகுதியைக்கூட அமெரிக்காவின் கொலம்பியா ரக நீர்மூழ்கியோடு சேர்ந்து ஒரே வடிவமாகச் செய்கிறார்கள். தனியாகச் செய்யும் பிரான்ஸ் எவ்வளவு செலவழிக்கிறது என்று பார்த்தால் பிரிட்டன் ஏன் இந்த வழியை விடவில்லை என்பது புரியும்.

கிளைடுக்கரை தம்பிக்கு ஒரு வார்த்தை. கட்டளையைக் கேள்வி கேளுங்கள், அதில் எனக்கு மறுப்பில்லை. கட்டளையைத் தொடாமல் செலவை மட்டும் தள்ளிப்போட்டார்கள் பாருங்கள், என் கோபம் அங்கே. 2006-இல் முதல் புதுக் கப்பல் 2024-இல் வரும் என்றார்கள். 2010-இல் அதை 2028 ஆக்கினார்கள். 2015-இல் 2030-களின் தொடக்கம் என்றார்கள். ஒவ்வொரு தடவையும் அந்த வருட பட்ஜெட்டில் கொஞ்சம் மிச்சம், அவ்வளவுதான். பழைய வான்கார்டு ரகக் கப்பல்களை 25 வருட ஆயுளுக்குக் கட்டியது, முதல் கப்பல் சேவைக்கு வந்தது 1993. கணக்கைப் போட்டுக்கொள்ளுங்கள். கிழட்டு மாட்டை அடித்து ஏர் ஓட்டுகிற கதை.

அதற்கான விலையைக் கொடுப்பது உள்ளே இருக்கும் ஆட்கள். மாற்றுக் கப்பல் தயாராகவில்லை என்றால் கடலில் இருப்பது திரும்ப முடியாது. முன்பெல்லாம் மூன்று மாத அளவில் இருந்த ரோந்து இப்போது ஆறு மாதத்தையும் தாண்டுகிறது. நாங்களும் மாதக்கணக்கில் வீட்டை விட்டுப் போனவர்கள்தான், ஆனால் எங்களுக்கு வானம் தெரியும், துறைமுகத்தில் இறங்கிப் போன் பேசலாம். இவர்களுக்கு வாரம் ஒரு சின்னக் கடிதம் மாதிரி வீட்டுச் செய்தி மட்டும் வரும், 120 வார்த்தை. திருப்பிப் பதில் அனுப்ப முடியாது, அனுப்பினால் கப்பல் இருக்கும் இடம் தெரிந்துவிடும். வீட்டில் யாராவது இறந்துபோனால் ரோந்து நடுவில் சொல்லலாமா, திரும்பிய பிறகு சொல்வதா என்று கிளம்பும் முன்பே எழுதிக்கொடுத்துவிட்டுப் போக வேண்டும். இதை முதலில் படித்த அன்று எனக்குத் தூக்கம் வரவில்லை.

குறுக்குக்கேள்வி:

அந்தக் கடைசி விஷயம் தெரியாது. நன்றி அண்ணா. இன்னொன்று, லண்டனே அழிந்து பிரதமரும் போய்விட்டால் கப்பலில் இருப்பவர் யார் பேச்சைக் கேட்பார்?

செம்பருத்தி:

இதற்கு நான் சொல்கிறேன், இந்தத் தலைப்பில் எனக்குப் பிடித்த பகுதியே இதுதான் (பிடித்த என்பது சரியான வார்த்தையா தெரியவில்லை).

புதிதாகப் பதவிக்கு வரும் ஒவ்வொரு பிரதமரும் தன் கைப்பட நான்கு கடிதங்கள் எழுத வேண்டும், கப்பலுக்கு ஒன்று. நாடே இல்லாமல் போய்விட்டால் என்ன செய்வது என்பதற்கான உத்தரவு. பெட்டிக்குள் பெட்டியாகப் பூட்டி வைத்திருப்பார்கள். திருப்பி அடி, அடிக்காதே, நீயே முடிவு செய், நட்பு நாட்டுக் கட்டளைக்குக் கீழே போய்ச் சேர்ந்துகொள், இப்படி ஏதாவது ஒன்று. பிரதமர் மாறினால் பிரிக்காமலே அழித்துவிடுவார்கள். அதனால் யார் என்ன எழுதினார்கள் என்பது வெளியே தெரியாது. 1970-களின் கடைசியில் பிரதமராக இருந்த காலகன் மட்டும் பின்னாளில், தேவைப்பட்டிருந்தால் உத்தரவு கொடுத்திருப்பேன், ஆனால் அதற்குப் பிறகு உயிரோடு இருந்தால் என்னை நானே மன்னித்திருக்க மாட்டேன் என்ற பொருளில் பேசினார். அந்த 2016 விவாதத்தில் தெரசா மேயிடம் ஒரு லட்சம் அப்பாவிகளைக் கொல்லும் உத்தரவைப் போடுவீர்களா என்று கேட்டபோது யோசிக்காமல் ஆமாம் என்றார். அப்போது எதிர்க்கட்சியான தொழிற்கட்சியின் தலைவராக இருந்த கார்பின் அதற்கு முந்தைய வருடமே, நான் பிரதமரானாலும் பயன்படுத்த மாட்டேன் என்று சொல்லிவிட்டார். அவர் கட்சிக்காரர்களே கோபித்துக்கொண்டார்கள், பயன்படுத்த மாட்டேன் என்று வாய்விட்டுச் சொன்னால் வைத்திருந்து என்ன பயன் என்று. அதிலும் நியாயம் இருக்கத்தான் செய்கிறது.

கப்பலுக்கு உத்தரவு போவது மிகத் தாழ்ந்த அலைவரிசை ரேடியோவில். சாதாரண ரேடியோ அலை கடல்நீருக்குள் இறங்காது, இது கொஞ்ச ஆழம் இறங்கும். நம் நெல்லை மாவட்டம் விஜயநாராயணத்தில் இருக்கிற ஐ.என்.எஸ். கட்டபொம்மன் தளத்தின் கோபுரங்களும் நீர்மூழ்கிகளோடு பேசும் இதே வேலைக்குத்தான். அந்தப் பக்கம் பஸ்ஸில் போகும்போதெல்லாம் டிவி டவர் என்றே நினைத்துக்கொண்டிருந்தேன்.

பாதிவிலை:

சரி, சீரியஸாகவே ஒன்று கேட்கிறேன். புதுசு வந்தால் பழசை என்ன செய்வார்கள்? காயலான் கடைக்குப் போடவும் முடியாதே.

உலர்துறை:

நல்ல கேள்வி, அதற்கு நேர்மையான பதில் "ஒன்றும் செய்யவில்லை" என்பதுதான். ஓய்வுபெற்ற அணு நீர்மூழ்கிகள் இருபதுக்கு மேல் டெவன்போர்ட்டிலும் ஸ்காட்லாந்தின் ரோசைத்திலும் கட்டிப்போட்டபடி மிதக்கின்றன. ஸ்விஃப்ட்ஷூர் என்ற ஒன்றை மட்டும் இப்போதுதான் ரோசைத்தில் பிரிக்க ஆரம்பித்தார்கள். போலாரிஸ் ஏவுகணை சுமந்த பழைய நான்கு நீர்மூழ்கிகளும் அங்கேதான் நிற்கின்றன.

இங்கிலாந்தின் வடமேற்கில் இருக்கும் பாரோ கப்பல்கட்டும் தளத்தில் இப்போது கட்டிக்கொண்டிருக்கும் முதல் புதுக் கப்பலின் பெயர் ட்ரெட்நாட். 2025 மார்ச்சில் பிரதமர் ஸ்டார்மர் போய் அதற்கு அடிக்கட்டை (கப்பலின் முதுகெலும்பு) வைக்கும் விழா நடத்தினார். பிரிட்டனின் முதல் அணு நீர்மூழ்கியின் பெயரும் ட்ரெட்நாட்தான். அதை 1980-இல் ஓய்வு கொடுத்தார்கள், இன்றும் பிரிக்காமல் ரோசைத்தில் கிடக்கிறது.