கச்சான் வழக்கு: மாதிரியெடுத்தல் பற்றிச் சாட்சியமளிக்க நிபுணர் தேவை

களுவாஞ்சிக்குடியில் என் அண்ணா வறுத்த கச்சான் பொதி செய்து விற்கிறார். கடந்த மாரியில் எடுக்கப்பட்ட மாதிரியில் அஃப்லாடொக்சின் என்ற பூஞ்சண நஞ்சின் அளவு மிஞ்சியிருப்பதாகப் பகுப்பாய்வு அறிக்கை வந்ததால், 1980 ஆம் ஆண்டின் 26 ஆம் இலக்க உணவுச் சட்டத்தின் கீழ் நீதவான் நீதிமன்றத்தில் வழக்கு நடக்கிறது.

அதே மூட்டையிலிருந்து நாங்கள் தனியார் ஆய்வுகூடமொன்றுக்கு அனுப்பிய கச்சானில் அந்த நஞ்சு கண்டறியப்படவில்லை. இரண்டு அறிக்கைகளுமே சரியாக இருக்கலாம் என்பதுதான் சிக்கல். பூஞ்சணம் சில பருப்புகளில் மட்டும் பிடித்து, அவற்றில் நஞ்சு மிக அதிகமாகச் சேர்வதால், ஒரே மூட்டையில் அள்ளிய இரண்டு பிடிகள் வெவ்வேறு முடிவுகளைத் தரக்கூடும். வறுத்தாலும் அது முழுதாக அழிவதில்லை. ஆனால் எவ்வளவு நிறை எடுக்கப்பட்டது, எப்படி அரைத்துக் கலக்கப்பட்டது என்பது பற்றி முதல் அறிக்கையில் ஒரு வரியும் இல்லை. விளக்கம் கேட்டு எழுதிய கடிதத்துக்கும் பதில் வரவில்லை.

சாட்சியக் கட்டளைச் சட்டத்தின் 45 ஆம் பிரிவின்படி நிபுணர் ஒருவரை அழைக்கலாம் என்கிறார் எங்கள் சட்டத்தரணி. தெரிந்த விஞ்ஞான ஆசிரியர்கள் பொறுமையாக விளக்கினார்கள்; சாட்சிக் கூண்டில் ஏற எவரும் முன்வரவில்லை, அதில் குறை சொல்லவும் முடியாது.

மட்டக்களப்பிலோ அம்பாறையிலோ, உணவு மாதிரியெடுத்தல் குறித்துத் தமிழில் சாட்சியமளிக்கக்கூடிய உணவு விஞ்ஞானி அல்லது இரசாயனவியலாளர் எவரையாவது அறிவீர்களா?