கதை உலகத்துக்கு நாட்காட்டி: பௌர்ணமி தப்பிப் போகிறது

கேள்வி:
ஃபேண்டஸி நாவல் ஒன்று எழுதுகிறேன். அந்த உலகில் 12 மாதம், மாதத்துக்கு 30 நாள், ஆண்டுக்கு 360. நிலா மட்டும் நம் நிலாவேதான். மூன்றாம் மாதம் 15ஆம் தேதி, பௌர்ணமியன்று ஆற்றங்கரையில் நாயகிக்குக் கல்யாணம். மூன்று வருடம் கழித்து அதே தேதியில், அதே படித்துறையில், முழு நிலவில் புருஷனைப் போருக்கு வழியனுப்புகிறாள். நான் ஆசையாக எழுதிய இடம் அது. படித்த தங்கை, “அண்ணா, அன்றைக்கு முழு நிலா வராதே” என்கிறாள். நிலாவின் சுற்றை 30 நாளாக மாற்றிவிடட்டுமா?

பதில் 1:
தங்கை சொல்வது சரி. பௌர்ணமிக்குப் பௌர்ணமி சுமார் 29.53 நாள். 36 சுற்றுக்கு 1063 நாள் ஆகும், உங்கள் மூன்று வருடமோ 1080. மிச்சம் 17 நாள். அமாவாசையும் தாண்டியிருக்கும்.

30 ஆக்கினால் கணக்கு நேராகிவிடும். ஆனால் எல்லா மாதமும் 15ஆம் தேதியே பௌர்ணமி என்றால், வானத்தை அண்ணாந்து பார்க்க அந்த ஊரில் யாருக்கும் வேலை இருக்காது. எனக்கு அதில் மனசு ஒப்பவில்லை.

பதில் 2:
மாற்றாதீர்கள். ‘லார்ட் ஆஃப் த ரிங்ஸ்’ எழுதிய டோல்கீனின் கதையில் வரும் ஹாபிட்டுகள் என்ற குள்ள ஜனங்களுக்கும் 12 மாதம், 30 நாள்தான். ஆண்டின் 365 நாளில் மீதி ஐந்து நாள் எந்த மாதத்திலும் சேராது: குளிர்காலத்தில் ‘யூல்’ என்ற பெயரில் இரண்டு, கோடை நடுவில் மூன்று. அந்த மூன்றில் நடுநாளுக்குக் கிழமையே கிடையாது. அதைக் கழித்தால் 364, சரியாக 52 வாரம். லீப் ஆண்டில் கூடும் நாளுக்கும் கிழமை இல்லை. அதனால் ஒவ்வொரு தேதியும் எல்லா வருடமும் ஒரே கிழமையில் வரும். நிலாவுக்கு அதில் இடமே இல்லை, அது தன்பாட்டுக்குப் போகும்.

நம் வீட்டிலும் தேதி வேறு, திதி வேறுதானே? சம்பளத்துக்குத் தேதி, திவசத்துக்குத் திதி. உங்கள் ஜனங்களுக்கும் இரண்டையும் கொடுங்கள்.

அப்புறம், மிச்சம் 17 நாள் என்றால் அன்று மூன்றாம் பிறை. இருட்டிக் கொஞ்ச நேரத்தில் மறைந்துவிடும். படகு கிளம்பும்போது அந்தப் பிறையை இறக்கிப் பாருங்கள்.

கேள்வி கேட்டவர்:
இரண்டு பேருக்கும் நன்றி. நிலாவைத் தொடவில்லை. நேற்று ராத்திரியே அந்தக் காட்சியைத் திருப்பி எழுதினேன். இப்போது அவளுக்குப் படகு தெரியவில்லை, துடுப்புச் சத்தம் மட்டும் கேட்கிறது.