பேசாத தலைப்பாகைக்காரர்

சாட்ஸ்வொர்த் (தென்னாப்பிரிக்காவின் டர்பன் நகரில் இந்தியர் வாழும் பகுதி) குடும்பக் குழு, ஞாயிறு மாலை

ராஜன் மாமா: 1949-லேயே அமெரிக்க டிவியில் நேரலை நிகழ்ச்சி நடத்திய ‘இந்தியர்’ யார், சொல்லுங்கள்.

சாந்தா பெரியம்மா: 49-ஆ? இந்த நாட்டுக்கு டிவி வந்ததே 76-ல். அதிலும் பாதி நேரம் ஆஃப்ரிகான்ஸ் மொழி.

ராஜன் மாமா: கோர்லா பண்டிட். லாஸ் ஏஞ்சலஸ், கே.டி.எல்.ஏ நிலையம். தலைப்பாகை, நடுவில் ஒரு கல். ஒரு கை பியானோவில், இன்னொரு கை ஹேமண்ட் ஆர்கனில். கேமராவையே உற்றுப் பார்ப்பார், ஒரு வார்த்தை பேச மாட்டார். அப்பா டில்லிப் பிராமணர், அம்மா பிரெஞ்சுக்காரி என்று சொல்லிக்கொண்டார்.

சாந்தா பெரியம்மா: எந்தப் பிராமணன் தலையில் கல் வைத்தான்? சினிமா ராஜா மாதிரி இருக்கிறதே.

பிரியா: பெரியம்மா பிடித்துவிட்டார்கள் 😂 அவர் மிசூரி மாநிலத்துக் கறுப்பர், ஜான் ரோலண்ட் ரெட். 1998-ல் இறந்தார். 2001-ல் ஒரு பத்திரிகை எழுதிய பிறகுதான் ஊருக்கே தெரிந்தது.

சாந்தா பெரியம்மா: சாகும்வரை ஏமாற்றினானா!

ராஜன் மாமா: வேறு என்ன செய்வார் அக்கா? அங்கே இசைக்காரர் சங்கமே வெள்ளையருக்கு ஒன்று, கறுப்பருக்கு ஒன்று. 1953-ல்தான் இரண்டும் சேர்ந்தன. அதற்கு முன் ஹுவான் ரொலாண்டோ என்று மெக்சிகோக்காரர் வேஷமும் போட்டிருக்கிறார். இங்கேயும் எல்லோரையும் இனவாரியாகப் பதிந்த 1950 சட்டத்துக்கு அப்புறம் இனத்தை மாற்றிப் பதிந்துகொண்டு, சொந்தக்காரரைத் தெருவில் கண்டும் காணாமல் போனவர்கள் இல்லையா?

சாந்தா பெரியம்மா: அவர்கள் வெள்ளையனாகப் போனார்கள். இந்தியனாக வேண்டும் என்று ஓடி வந்தவனை இப்போதுதான் கேள்விப்படுகிறேன்.

பிரியா: அங்கே விசாரிக்க ஆளில்லை. நம்ம டர்பன் ஊர் என்றால் அரை மணியில் ‘உங்கள் தாத்தா எந்தக் கரும்பு எஸ்டேட்?’ என்று கேட்டிருப்போம்.

செந்தில்: வாயைத் திறக்காததும் அதற்குத்தானா?

ராஜன் மாமா: உதவியிருக்கும். நேரலையில் நாக்கு பிசகினால் பிசகியதுதான். ஒப்பனையை மனைவி பெரில் பார்த்துக்கொண்டார். டிஸ்னியில் வேலை பார்த்த ஓவியர்.

பிரியா: வாயைத் திறந்தவர் கதையையும் கேளுங்கள். ஹேஸல் ஸ்காட், இவரும் பியானோதான். 1950-ல் டூமாண்ட் டிவி நெட்வொர்க்கில் நிகழ்ச்சி. அமெரிக்காவில் கறுப்பினப் பெண் ஒருவர் தன் பெயரில் நடத்திய முதல் நெட்வொர்க் நிகழ்ச்சிகளில் ஒன்று அது. இனம் பிரித்து உட்கார வைக்கும் அரங்கில் வாசிக்க மாட்டேன் என்று ஒப்பந்தத்திலேயே எழுதி வாங்கியவர். கம்யூனிஸ்ட் ஆதரவாளர் பட்டியலில் பெயர் வந்ததும், செப்டம்பரில் தானாகவே காங்கிரஸ் விசாரணைக் குழு முன்பு போய் நேருக்கு நேர் பேசினார். ஒரே வாரத்தில் நிகழ்ச்சி போச்சு.

சாந்தா பெரியம்மா: இந்தப் பெண்ணை முதலில் சொல்லியிருக்கலாமே ராஜன். ரெண்டு பேர் வீடியோவும் அனுப்புங்கள்.

பிரியா: டூமாண்ட் பதிவுகள் பெரும்பாலும் அழிந்துவிட்டன பெரியம்மா. ஹேஸல் 1943-ல் ஒரு சினிமாவில் ஒரே நேரத்தில் இரண்டு பியானோ வாசித்தது இருக்கிறது. அனுப்புகிறேன்.

சாந்தா பெரியம்மா: பார்த்தேன். அவன் கை சுத்தம்தான், குறை சொல்ல மாட்டேன். இவள் சிரித்துக்கொண்டே வாசிக்கிறாள்! ராஜன், காவடிக்கு வேன் சொல்லியாயிற்றா?