விடுதலைத் தீர்ப்புக்கு மேல் அப்பீல்: பல ஊர்க்காரர்கள் பாலியல் வழக்குகளில் பார்த்தது, கற்றது

ஈரோடு, குற்றவியல் வக்கீல்

மகளிர் கோர்ட்டில் "விடுதலை" என்று வாசித்ததும் குடும்பம் கேட்கிற முதல் கேள்வி, "கவர்மெண்டே அப்பீல் போட்டுருமுங்களா?" போடலாம். அரசு வக்கீலின் கருத்துரை, மேலதிகாரிகள், அரசின் உத்தரவு என்று கோப்பு மேசை மேசையாக நகர வேண்டும், பிறகு உயர் நீதிமன்றத்தின் அனுமதியும் வேண்டும் (பி.என்.எஸ்.எஸ்., அதாவது புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டம், பிரிவு 419). பாதிக்கப்பட்டவருக்குத் தனி வழி இருக்குதுங்க. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 372-ஆம் பிரிவுக்கு 2009 டிசம்பர் 31 முதல் சேர்ந்த காப்புரை (கூடுதல் விதி), இப்போது பி.என்.எஸ்.எஸ். 413. உச்ச நீதிமன்றத்தின் மல்லிகார்ஜுன் கொடகலி தீர்ப்பு (2018) வந்த பிறகு இதற்கு அனுமதி மனுவே வேண்டாம். அரசு போடட்டும் என்று உட்கார்ந்திருக்கக் கூடாது.

அரசுக்குக் கெடு 90 நாள். பாதிக்கப்பட்டவருக்கு என்று தனிக் கெடு சட்டத்தில் எழுதப்படவில்லை. உயர் நீதிமன்றம் என்றால் 60 நாள், செஷன்ஸ் (மாவட்ட அமர்வு நீதிமன்றம்) என்றால் 30 நாள் என்று கணக்கு வைத்து ஓடினால் எதிர்த்தரப்புக்கு வாயே திறக்க முடியாது. தீர்ப்பன்றே நகல் மனு போட்டுருங்க. சான்றிட்ட நகலில் மனு போட்ட தேதி, கட்டணம் கேட்ட தேதி, கட்டிய தேதி, தயாரான தேதி எல்லாம் முத்திரையில் இருக்கும். கோர்ட் எடுத்துக்கொண்ட நாளைக் கெடுவிலிருந்து கழித்துவிடுவார்கள். நாம் பணம் கட்டாமல் இழுத்த நாளைக் கழிக்க மாட்டார்கள். தாமத மன்னிப்பு மனுக்கள் பெரும்பாலும் அடிவாங்குவது இந்த இடத்தில்தான்.

தாராபுரம்

எங்கே போடுவது என்பதிலும் குழப்பம் உண்டுங்க. மானபங்க வழக்கு (பழைய இந்திய தண்டனைச் சட்டம் 354, இப்போது பி.என்.எஸ்., அதாவது புதிய தண்டனைச் சட்டம், 74) மாஜிஸ்திரேட் கோர்ட்டில் விடுதலை ஆனால், பாதிக்கப்பட்டவரின் அப்பீல் செஷன்ஸுக்கு. வன்புணர்வு, போக்சோ (சிறார் மீதான பாலியல் குற்றச் சட்டம்) என்றால் உயர் நீதிமன்றம். கோவை, திருப்பூர், ஈரோடு, நாமக்கல், நீலகிரிக்காரர்கள் சென்னைக்குப் போகணும். கரூரும், திண்டுக்கல் மாவட்டத்தில் இருக்கிற பழனியும் மதுரைக் கிளைக்கு.

கோவை, அப்பீல் வேலை மட்டும் பார்ப்பவர்

அப்பீல் மனுவில் "தீர்ப்பு சட்டத்துக்கும் சாட்சியத்துக்கும் முரணானது" என்று பொத்தாம்பொதுவாக ஒரு பக்கம் எழுதி வைத்தால் ஒன்றும் நடக்காது. சந்திரப்பா வழக்கு (2007) சொன்னது இதுதான்: குற்றவாளி அல்ல என்ற அனுமானம் விடுதலையால் இரட்டிப்பாகிறது, சாட்சியத்தில் இரண்டு முடிவுக்கு இடமிருந்தால் விசாரணை நீதிமன்றத்தின் முடிவு நிற்கும். ஆகவே நம் முடிவு நல்ல முடிவு என்று காட்டினால் போதாது. அவர்கள் வந்த முடிவுக்கு அந்தச் சாட்சியத்தை வைத்து யாரும் வந்திருக்க முடியாது என்று காட்ட வேண்டும்.

ஒரு உதாரணம். "உடலில் காயமில்லை, ஆகவே நம்ப முடியவில்லை" என்று தீர்ப்பில் இருக்கிறது. அப்போது எடுக்க வேண்டியது அ.சா.1-இன் (அரசுத் தரப்பின் முதல் சாட்சி, இங்கே அந்தப் பெண்) குறுக்கு விசாரணை. மிரட்டப்பட்டதாக அவர் முதல் விசாரணையில் (அரசு வக்கீல் கேட்டபோது) சொன்னதை எதிர்த்தரப்பு மறுத்துக் கேட்டதா? கேட்கவில்லை என்றால் பக்க எண்ணோடு எழுதுங்கள். அடுத்து மருத்துவரின் சாட்சியம்: எத்தனை நாள் கழித்துப் பரிசோதனை, காயம் இல்லாமையால் சம்பவமே இல்லை என்று அவர் சொன்னாரா? இரு விரல் பரிசோதனையை (பெண்ணுக்கு உடலுறவுப் பழக்கம் உண்டா என்று விரலால் பார்க்கும் முறை) தீர்ப்பு நம்பியிருந்தால், அதைக் கண்டித்த லில்லு (2013), ஷைலேந்திர குமார் ராய் (2022) இரண்டும் கையில் இருக்க வேண்டும். பின்னதில் உயர் நீதிமன்றம் கொடுத்த விடுதலையைத்தான் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. குர்மித் சிங் (1996) வழக்கும் விடுதலைக்கு எதிரான அப்பீல்தான். பெண்ணின் சாட்சியம் நம்பும்படி இருந்தால் வேறு ஆதாரம் கேட்க வேண்டியதில்லை என்றது.

கசப்பான ஒன்றையும் சொல்லிவிடுகிறேன். கோர்ட்டில் பெண்ணே முன்பு சொன்னதை மாற்றிப் பிறழ் சாட்சியாகிவிட்டால், மாஜிஸ்திரேட்டிடம் கொடுத்த வாக்குமூலத்தை (பழைய நடைமுறைச் சட்டம் 164, இப்போது பி.என்.எஸ்.எஸ். 183) மட்டும் வைத்துத் தண்டனை வாங்க முடியாது. அது தனித்து நிற்கும் சாட்சியம் ஆகாது. டி.என்.ஏ. போன்ற வேறு வலுவான சான்று இல்லாமல் குடும்பத்துக்கு நம்பிக்கை கொடுப்பது தப்பு.

நாமக்கல்

போக்சோவில் வயது நிரூபணம் நிறைய வழக்கைச் சாய்க்குது. பள்ளி மாற்றுச் சான்றிதழை மட்டும் போட்டு முடித்திருப்பார்கள். யுவபிரகாஷ் வழக்கில் (2023, தமிழ்நாட்டு வழக்குதான்) அது போதாது என்று உச்ச நீதிமன்றம் சொல்லியாச்சு. பள்ளி கொடுத்த பிறந்த தேதிச் சான்று அல்லது பத்தாம் வகுப்புச் சான்று, இல்லையென்றால் ஊராட்சி, நகராட்சியின் பிறப்புச் சான்று, கடைசியாகத்தான் எலும்புச் சோதனை. அப்பீலில் கூடுதல் சாட்சியம் கேட்க பி.என்.எஸ்.எஸ். 432 இருக்கு, ஆனா ஓட்டை அடைக்க அதைத் தாராளமாக விடமாட்டார்கள்.

எதிரி (குற்றம் சாட்டப்பட்டவர்) வேலைக்கு வேறு ஊர் போய்விட்டால் நோட்டீஸ் திரும்பி வந்து அப்பீல் அப்படியே தூங்கும். பி.என்.எஸ்.எஸ். 431-இன் கீழ் பிடியாணை கேட்கலாம் என்பதை வக்கீலுக்கு ஞாபகப்படுத்துங்க.

கோபி, சட்ட உதவி

பெண்களுக்கு வருமான வரம்பே இல்லாமல் இலவச வக்கீல் உண்டு (1987 சட்டப்பணிகள் ஆணைக்குழுக்கள் சட்டம், பிரிவு 12). மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் மனு கொடுத்தால் உயர் நீதிமன்றக் குழுவுக்கு அனுப்புவார்கள். மனுவில் பெண்ணின் பெயர், அப்பா பெயர், கதவு எண் எதையும் தட்டச்சு செய்ய விடாதீங்க. நிபுண் சக்சேனா தீர்ப்பு (2018), பாதிக்கப்பட்டவர் அப்பீலிலும் அடையாளம் காட்ட வேண்டியதில்லை என்று தெளிவாகவே சொல்கிறது. டைப்பிங் சென்டரில் பழைய மனுவை எடுத்து அப்படியே பெயரோடு அடிப்பது வாடிக்கை, கூடவே நின்னு பாருங்க.

விடுதலை ஆனாலும் இழப்பீட்டுக்கு விசாரணை நீதிமன்றம் பரிந்துரைக்கலாம் (பி.என்.எஸ்.எஸ். 396). தீர்ப்பில் அதைப் பற்றி ஒரு வரியும் இல்லாவிட்டால், ஆணைக்குழுவில் தனி மனு இன்றே கொடுக்கலாம். அப்பீல் முடியக் காத்திருக்க வேண்டாமுங்க.