ஹாப்ஸ், ரூசோ படித்தவர்கள் கொஞ்சம் உதவுங்களேன்

வணக்கம் நண்பர்களே. ஆங்கிலத் தத்துவவாதி ஹாப்ஸ் அரசு பற்றி எழுதிய ‘லெவியதன்’ (1651) படிக்கிறேன், 21ஆம் அத்தியாயத்தில் மாட்டிக்கொண்டேன். கப்பல் மூழ்கிவிடுமோ என்ற பயத்தில் ஒருவன் தன் சரக்கைக் கடலில் வீசுகிறான். அதை அவன் மனமாரத்தான் செய்கிறான், வேண்டாம் என்று நினைத்திருந்தால் வீசாமல் இருந்திருக்கலாம், எனவே அது சுதந்திரமான செயல் என்கிறார். பயமும் சுதந்திரமும் சேர்ந்தே இருக்குமாம்! அப்படியானால் கத்திமுனையில் பர்ஸை நீட்டுவதும் சுதந்திரம்தானா? அரசு இல்லாத நிலையில் உயிருக்குப் பயந்து கொடுத்த வாக்கும் செல்லும் என்று 14ஆம் அத்தியாயத்தில் வேறு சொல்லியிருக்கிறார். இங்கிலாந்தின் உள்நாட்டுப் போர்க் காலத்தில் வாழ்ந்த மனிதர், அதனால் இப்படி எழுதினார் என்று சமாதானம் சொல்லிக்கொண்டேன். மனம் ஒப்பவில்லை.

சரி என்று இன்னொரு தத்துவவாதியான ரூசோவின் ‘சமூக ஒப்பந்தம்’ (1762) பக்கம் போனேன். வழிப்பறிக்காரன் கையிலுள்ள துப்பாக்கியும் ஒரு அதிகாரம்தான், ஆனால் அதற்குப் பணிவது கடமையாகாது என்கிறார். அப்பாடா என்றிருந்தது. நான்கு அத்தியாயம் தள்ளி, பொது விருப்பத்துக்கு (அதாவது எல்லோருக்கும் பொதுவான நலனை நாடும் சமூகத்தின் விருப்பத்துக்கு) கீழ்ப்படிய மறுப்பவன் ‘சுதந்திரமாக இருக்கும்படி கட்டாயப்படுத்தப்படுவான்’ என்று அவரே எழுதுகிறார். இதை எப்படிப் புரிந்துகொள்வது?

ரூசோவின் சமத்துவமின்மை பற்றிய 1755ஆம் ஆண்டு நூலை முதலில் படித்திருக்க வேண்டுமோ? அப்புறம், தத்துவவாதி ஜான் ஸ்டூவர்ட் மில்லின் ‘சுதந்திரம் பற்றி’யை (1859) இப்போதே தொடலாமா, இல்லை நடுவில் ஜான் லாக் என்ற தத்துவவாதியையும் படித்து முடிக்க வேண்டுமா? படித்தவர்கள் சொல்லுங்கள். ஒரு வரி பதில் என்றாலும் போதும்.